கையை எடுக்கும் நேரம்

மாவு

ருகலாக் மாவுக்குத் தண்ணீர் ஊற்றுவதில்லை. மைதா 240 கிராம், வெண்ணெய் 225 கிராம், க்ரீம் சீஸ் 225 கிராம், உப்பு அரை டீஸ்பூன். அவ்வளவுதான். மாவு ஒன்றுசேரத் தேவையான ஈரம் வெண்ணெயிலும் சீஸிலுமே இருக்கிறது: வெண்ணெயில் ஏறக்குறைய 16 சதவீதம், க்ரீம் சீஸில் பாதிக்கும் சற்று மேல்.

கிழக்கு ஐரோப்பிய யூதர்களின் பலகாரம் இது. மாவை வட்டமாகத் தேய்த்து, பூரணம் தூவி, முக்கோணங்களாக வெட்டி, ஒவ்வொன்றையும் சுருட்டி, ஓவனில் சுட்டெடுப்பார்கள். இரண்டு கடியில் தீர்ந்துவிடும் அளவு. என் வீட்டில் பூரணம் எப்போதும் சாக்லேட்டும் வால்நட்டும். இதைச் செய்யும் நாள்களில் சமையல் மேடையில் ஒரு நோட்டு கிடக்கும். அளவு எழுத வைத்த நோட்டு அது. போகப்போக அதில் அளவு குறைந்து யோசனை கூடிவிட்டது. அவற்றில் சிலவற்றை இங்கே எழுதுகிறேன்.

பரோட்டா மாவு பிசைவதைப் பார்த்து வளர்ந்தவள் நான். அங்கே அடித்து, இழுத்து, வீசி, மாவுக்கு இழுவை ஏற்ற வேண்டும். கோதுமையிலுள்ள இரண்டு புரதங்கள் தண்ணீர் பட்டதும் பின்னிக்கொண்டு க்ளூட்டன் ஆகின்றன. பிசையப் பிசையப் பின்னல் இறுகும். ருகலாக்கில் அந்தப் பின்னல் கூடியவரை விழக் கூடாது. கொழுப்பு மாவுத் துகள்களைப் போர்த்திக்கொண்டு ஈரத்தை அண்டவிடாமல் காக்கிறது. எனவே விரல் நுனியால் உதிர்த்து, திரட்டி, உருண்டையானதும் கையை எடுத்துவிட வேண்டும். உருண்டையில் அங்கங்கே வெண்ணெய்த் திட்டு வெளிறித் தெரியும். இன்னும் நாலு அழுத்து அழுத்தினால் என்ன என்று தோன்றும். தோன்றட்டும். அழுத்தாமல் இருப்பதுதான் அந்த நேரத்து வேலை.

நன்றாகச் செய்வது என்றால் இன்னும் கொஞ்சம் செய்வது என்றே கைக்குப் பழக்கம். இந்தப் பலகாரத்தில் பாதி ருசி செய்ததால் வருகிறது. மீதிப் பாதி, செய்யாமல் விட்டதால் வருகிறது. இந்தக் குறிப்புகள் எல்லாம் சுற்றிச் சுற்றி அந்த இரண்டாவது பாதியைப் பற்றியவை.

குளிர்

உருண்டையை நான்காகப் பிரித்து, தட்டையாகத் தட்டி, மூடி, ஃப்ரிட்ஜில் வைக்கிறேன். குறைந்தது இரண்டு மணி நேரம். ராத்திரி முழுக்க இருந்தால் இன்னும் நல்லது.

அந்த நேரத்தில் உள்ளே இரண்டு காரியம் நடக்கிறது. வெண்ணெய் கெட்டிப்படுகிறது. அங்கங்கே தேங்கி நின்ற ஈரம் மாவு முழுக்க மெல்லப் பரவுகிறது. முந்தின நாள் ஓரங்களில் உதிர்ந்த மாவு, மறுநாள் பூரிக்கட்டைக்கு அடியில் விரிசல் இல்லாமல் விரிந்துகொடுக்கிறது. இடையில் நான் எதுவும் செய்யவில்லை. காத்திருப்பதும் செய்முறையில் ஒரு வரிதான். அதற்கும் மாவில் ஒரு பலன் உண்டு, தேய்க்கும்போது கைக்குத் தெரியும்.

வெண்ணெய் உருக 32லிருந்து 35 டிகிரி போதும். உள்ளங்கைச் சூடே அதை இளக்கிவிடும். இளகி மாவுக்குள் இறங்கிவிட்டால் பிறகு ஓவனில் அடுக்கு பிரியாது. எவ்வளவு அன்போடு தொட்டாலும் சூடு சூடுதான். வட்டமாகத் தேய்க்கும்போது மாவு ஒட்டத் தொடங்கினால், மேலே மேலே மைதா தூவிச் சமாளிப்பதைவிட, அப்படியே தூக்கி இன்னும் பத்து நிமிடம் குளிரில் வைப்பது நல்லது.

வெண்ணெயும் எண்ணெயும்

போலந்திலும் அதைச் சுற்றிய நாடுகளிலும் இருந்த யூத வீடுகளில் ருகலாக்கை ஈஸ்ட் போட்டுப் பொங்கவைத்த மாவில்தான் செய்தார்கள். வியன்னா, ஹங்கேரிப் பக்கத்துக் கிப்ஃபெல் என்னும் பிறை வடிவப் பலகாரத்துக்கு அது நெருங்கிய உறவு. உள்ளே ஜாம், உலர்திராட்சை, கசகசா, பருப்பு.

க்ரீம் சீஸ் அமெரிக்காவில் வந்து சேர்ந்தது. நியூயார்க் மாநிலத்திலுள்ள செஸ்டர் என்ற ஊரில் வில்லியம் லாரன்ஸ் 1870களில் அதைச் செய்து விற்கத் தொடங்கினார். 1880இல் ஃபிலடெல்ஃபியா என்ற பெயர் அதற்கு வைக்கப்பட்டது. பல பத்தாண்டுகள் கழித்து அது ருகலாக் மாவுக்குள் புகுந்தது. 1950இல் வெளிவந்த மில்ட்ரெட் நாஃபின் சமையல் புத்தகத்தில் அந்த மாவு இருக்கிறது. பியானோ மேதை ஆர்தர் ரூபின்ஸ்டைனின் மனைவி நெலாவிடம் கேட்டு எழுதியதாக அதில் குறிப்பு. ஈஸ்ட் பொங்குமா பொங்காதா என்ற கவலை இல்லை. கலந்தால் போதும், குளிரவைத்தால் போதும். வேலைக்குப் போகும் பெண்கள் நிறைந்த நகரங்களில் அது பரவியதில் வியப்பில்லை.

ஆனால் பழைய ஈஸ்ட் மாவு மறையவில்லை. அதற்கு ஒரு விலக்குதான் காரணம். யூத உணவு விதிப்படி இறைச்சியும் பாலும் சேரக் கூடாது. கோழியும் அந்த விதியில் இறைச்சிதான். இறைச்சி சாப்பிட்ட பிறகு பால் பொருளைத் தொடப் பலர் ஆறு மணி நேரம் பொறுப்பார்கள். ஜெர்மானிய யூத மரபில் மூன்று மணி நேரம், ஹாலந்து மரபில் ஒரு மணி நேரம். ஆகவே இறைச்சி விருந்தின் முடிவில் வெண்ணெய் ருகலாக்குக்கு இடம் இல்லை. அந்த வேளைக்கு, எண்ணெயோ மார்ஜரினோ சேர்த்து, பால் வாடையே படாமல் பிசைந்த ஈஸ்ட் ருகலாக் வேண்டியிருக்கிறது.

ஜெருசலேமில், மஹனே யெஹூதா சந்தையை ஒட்டியுள்ள மர்சிபான் ரொட்டிக்கடை ஈஸ்ட் வகைக்குப் பேர்போனது. தட்டு ஓவனிலிருந்து வந்ததும் சூட்டோடு பாகு தடவுவார்கள். சுருளைப் பிரித்தால் சாக்லேட் விரலில் ஒட்டும். மொறுமொறுப்பு அதில் இல்லை, இருக்கவும் வேண்டாம். அமெரிக்க ருகலாக் பொரபொரவென்று உதிரும். இரண்டும் ஒரே பெயரில் வாழ்கின்றன. ஓர் இடத்தில் வெண்ணெய் கூடாது என்று வைத்ததால், வெண்ணெய் இல்லாமல் மென்மை வரும் வழியும் பிழைத்துக்கொண்டது. விலக்கு ஒன்றைக் குறைத்ததாகத்தான் பார்த்தவுடன் தெரியும். இங்கே பலகாரம் இரண்டாகியிருக்கிறது.

வால்நட்

100 கிராம் வால்நட்டை 170 டிகிரியில் எட்டு நிமிடம் வறுக்கிறேன். சூடு ஆறும் முன் ஒரு பருத்தித் துணியில் போட்டுத் தேய்த்தால் தோல் கொஞ்சம் கழன்றுவிடும். நாக்கில் ஒட்டும் கசப்பும் துவர்ப்பும் அந்தத் தோலில்தான் இருக்கின்றன. முழுவதையும் உரிக்கக் கூடாது. மடிப்புகளுக்குள் ஒட்டியிருக்கும் மீதித் தோல் அப்படியே இருக்கட்டும். சர்க்கரைக்கும் சாக்லேட்டுக்கும் நடுவே அந்தத் துவர்ப்பு வேண்டும். இல்லையென்றால் மூன்றாவது துண்டில் நாக்கு சலித்துவிடும்.

மிக்ஸியில் போடுவதில்லை. வால்நட்டில் ஏறக்குறைய மூன்றில் இரண்டு பங்கு எண்ணெய். மிக்ஸி இரண்டு சுற்று கூடுதலாகச் சுற்றினால் எண்ணெய் வெளியே வந்து விழுதாகிவிடும். பலகையில் கொட்டி, பெரிய கத்தியால், நுனியை ஒரு கையால் அழுத்திப் பிடித்துக்கொண்டு நறுக்குகிறேன். சில துண்டு மிளகு அளவு, சில துண்டு ரவை அளவு, கொஞ்சம் பொடி. ஒரே அளவில் வராதது நல்லது. பொடி மாவோடு ஒட்டிக்கொள்ளும். துண்டுகள் பல்லில் படும்.

அந்த எண்ணெய் காற்றுப்பட்டால் சீக்கிரம் காறிப்போகும். பழைய வால்நட்டை முகர்ந்தால் பெயின்ட் வாடை வரும். எவ்வளவு நல்ல சாக்லேட்டாலும் அதை மறைக்க முடியாது. வாங்கியதும் ஒன்றைக் கடித்துப் பார்ப்பதும், மிச்சத்தை ஃப்ரீஸரில் வைப்பதும் இதனால்தான்.

சாக்லேட்

கொக்கோ வெண்ணெய் உருகுவது சுமார் 34 டிகிரியில். நம் உடம்புச் சூடு 37. இந்த மூன்று டிகிரி வித்தியாசத்தில் சாக்லேட்டின் சுகமெல்லாம் அடங்கிவிடுகிறது: அலமாரியில் திடம், வாயில் திரவம்.

உருக்கிய சாக்லேட்டைக் குளிர்ந்த மாவில் தடவினால் சில நிமிடத்தில் இறுகி, சுருட்டும்போது பாளம் பாளமாக உடையும். ஆகவே 120 கிராம் டார்க் சாக்லேட்டை வால்நட் அளவுக்கே நறுக்கி, 80 கிராம் பழுப்புச் சர்க்கரையும் ஒரு டீஸ்பூன் பட்டைத்தூளும் கலந்துகொள்கிறேன். உருக்கும் வேலையை ஓவன் பார்த்துக்கொள்ளும்.

இந்தக் கலவையை விரலால் புரட்டும்போது பயோன் ஊர் நினைவுக்கு வருகிறது. ஸ்பெயின் எல்லைக்கு அருகிலுள்ள பிரெஞ்சு ஊர். 1492இல் ஸ்பெயினிலிருந்து துரத்தப்பட்டு, பிறகு போர்ச்சுகலிலிருந்தும் மத விசாரணைக்கு அஞ்சி வெளியேறிய யூதர்கள், ஊருக்கு எதிரே ஆற்றின் அக்கரையில் குடியேறினார்கள். 17ஆம் நூற்றாண்டில் கொக்கோவை அரைத்துச் சாக்லேட் ஆக்கும் தொழிலை அங்கே கொண்டுவந்தவர்கள் அவர்கள். தொழில் ஊருக்குப் பிடித்துப்போனது. 18ஆம் நூற்றாண்டில் ஊர்க்காரர்கள் சங்கம் அமைத்து, கற்றுக்கொடுத்தவர்களையே அந்தத் தொழிலிலிருந்து விலக்கப் பார்த்தார்கள். பயோன் இன்றும் சாக்லேட்டுக்குப் பேர்பெற்ற ஊர்தான்.

ருகலாக் செய்த கிழக்கு ஐரோப்பிய யூதர்கள் வேறு. பயோனில் கொக்கோ அரைத்தவர்கள் வேறு. மொழியும் சமையலும் வேறு வேறு. சாக்லேட் ருகலாக்கில் இரண்டு வரலாறும் ஒரே சுருளில் வந்து சேர்ந்திருக்கின்றன. விலக்குகளில் இரண்டு வகை உண்டு என்பதையும் பயோன் எனக்கு நினைவூட்டுகிறது. ஒருவர் தனக்குத்தானே வைத்துக்கொள்வது ஒன்று. பிறர் மீது சுமத்துவது மற்றொன்று. முதலாவதிலிருந்து பலகாரம் பிறக்கும். இரண்டாவதையும் தாண்டி மனிதர்கள் எதையாவது படைக்கிறார்கள் என்றால், பெருமை அந்த மனிதர்களுக்கு. விலக்குக்கு அதில் பங்கில்லை.

சுருட்டுவது

ஒரு பங்கு மாவு, 24 சென்டிமீட்டர் அகல வட்டம். அதன் மேல் ஏப்ரிகாட் ஜாம், அடியிலுள்ள மாவு தெரியும் அளவு மெல்லிசாக. ஜாம் இங்கே பசை, இனிப்புக்காக அல்ல. நாலில் ஒரு பங்கு பூரணத்தைத் தூவி, பூரிக்கட்டையை மேலே ஒருமுறை லேசாக உருட்டி அமிழ்த்துகிறேன். நடுவில் கட்டைவிரல் அகலத்துக்கு எதுவும் வைப்பதில்லை. முக்கோணங்களின் கூர்முனைகள் எல்லாம் அங்கேதான் கூடுகின்றன. அங்கே பூரணம் இருந்தால் முனை ஒட்டாது. ஒட்டாத சுருள் ஓவனில் பிரிந்துவிடும்.

பிட்சா வெட்டும் சக்கரத்தால் பன்னிரண்டு துண்டு. அகன்ற ஓரத்திலிருந்து நடுவை நோக்கிச் சுருட்ட வேண்டும். முதல் மடிப்பு மட்டும் இறுக்கம், அடுத்தவை தளர்வு. முதல் மடிப்பு இறுகாவிட்டால் நடுவில் குகை விழும். பிறகும் இறுக்கினால் உள்ளே மாவு விரிய இடமின்றி வேகாமல் நிற்கும். கூர்முனை அடியில் போகுமாறு வைத்தால், சுருளின் எடையே அதை அழுத்திப் பிடித்துக்கொள்ளும்.

கிண்ணத்தில் பூரணம் கொஞ்சம் மிஞ்சும். அதையும் திணித்துவிடும் ஆசை எனக்கு ஒவ்வொரு தடவையும் வரும். கூடுதலாக வைத்தது எதுவும் சுருளுக்குள் தங்காது. வழிந்து, தட்டில் கருகி, அடிப்பாகத்தைக் கசக்கவைக்கும். மிஞ்சியதை ஒரு டப்பாவில் போட்டு மறுநாள் காலை ஓட்ஸில் தூவிக்கொள்கிறேன்.

ஓவன்

சுருட்டியவை மறுபடி அரை மணி நேரம் குளிரில். பிறகு முட்டை தடவி, மேலே துளி சர்க்கரை. பட்டர் பேப்பர் விரித்த தட்டு. 180 டிகிரி. 22லிருந்து 25 நிமிடம்.

முதல் சில நிமிடங்களில் வெண்ணெய் உருகி, அதிலுள்ள தண்ணீர் ஆவியாகி, மடிப்புகளை உள்ளிருந்து தூக்குகிறது. குளிர் காத்துவைத்த வெண்ணெய்த் திட்டுகள் இப்போதுதான் பலன் தருகின்றன. பிறகு நிறம் வருகிறது. மாவிலும் சீஸிலும் முட்டையிலும் உள்ள புரதங்களும் சர்க்கரையும் சூட்டில் கூடிப் பழுப்பாகின்றன. வீடு முழுக்கப் பரவும் வாசனையும் அந்தக் கூட்டிலிருந்துதான். ஓரங்களில் கொஞ்சம் ஜாமும் சர்க்கரையும் கசிந்து பொங்கும். அது குறை அல்ல. ஆறியதும் அடியில் கண்ணாடித் தகடாக ஒட்டிக்கொண்டு நொறுங்கும். வீட்டில் பலர் முதலில் தேடுவது அதைத்தான்.

எடுக்கும் நேரத்தைச் சொல்வது அடிப்பாகம். ஒன்றைத் தூக்கித் திருப்பிப் பார்த்து, அடி நன்றாகப் பழுத்திருந்தால் எடுத்துவிடலாம். அப்போது தொட்டால் மெத்தென்று இருக்கும். மொறுமொறுப்பு வரும்வரை உள்ளே விட்டால், ஆறியபின் கடினமாகிவிடும். ஆறுவதற்குள்ளும் வேகும் என்பதை நம்பி, கொஞ்சம் முன்னதாகவே ஓவனிடமிருந்து வாங்கிக்கொள்ள வேண்டும்.

வெள்ளிக்கிழமை

நான் இருக்கும் நியூ ஜெர்ஸியில் யூத ரொட்டிக்கடைகளில் வெள்ளிக்கிழமை காலைதான் கூட்டம். அன்று சூரியன் மறைவதிலிருந்து சனிக்கிழமை இரவு தொடங்கும்வரை ஓய்வு நாள். அடுப்பு பற்றவைக்கக் கூடாது, சமைக்கக் கூடாது. தேவையானதெல்லாம் அதற்குள் வீட்டுக்கு வந்துவிட வேண்டும்.

அந்த நாளில் விலக்க வேண்டிய 39 வேலைகளை மிஷ்னா என்னும் பழைய சட்டத் தொகுப்பு வரிசைப்படுத்துகிறது. அதில் முதல் பதினொன்றும் ரொட்டியின் வழி: விதைப்பது, உழுவது, அறுப்பது, கட்டுவது, போரடிப்பது, தூற்றுவது, பொறுக்குவது, அரைப்பது, சலிப்பது, பிசைவது, சுடுவது. ஒரு சமூகம் எதையெல்லாம் நிறுத்த வேண்டும் என்று பட்டியல் போட உட்கார்ந்தபோது, ஒரு துண்டு ரொட்டிக்குப் பின்னால் இருக்கும் உழைப்பு முழுவதையும் பெயர் சொல்லி எழுதிவிட்டது. நிறுத்தும் நாளில்தான் இத்தனை கைகள் இதில் இருக்கின்றன என்பது எண்ணிக்கைக்கு வருகிறது. எனக்கு அந்தப் பட்டியல், உழைப்புக்கு யாரோ செய்த மரியாதையாகவே படுகிறது.

பக்கத்து வீடு

எங்களுக்கு அடுத்த வீட்டில் இருப்பவர்கள் இந்த விதிகளை முழுக்கக் கடைப்பிடிக்கும் குடும்பம். நான் செய்த ருகலாக் கொஞ்சம் தரலாமா என்று அந்த அம்மாளிடம் கேட்டேன். அவர் மகிழ்ந்து, எப்படிச் செய்கிறேன் என்று விவரமாக விசாரித்து, பிறகு தயங்காமல் சொன்னார்: எங்களால் சாப்பிட முடியாது. இறைச்சி வெந்த ஓவன், எல்லாவற்றுக்கும் பொதுவான தட்டு, பாத்திரம். மாவில் என்ன சேர்த்தேன் என்பது மட்டும் போதாது.

நம் ஊரில் ஒரு வீட்டில் சாப்பிட மாட்டோம் என்பதற்குப் பின்னால் ஆளைத் தாழ்த்திய நெடிய கொடுமை இருக்கிறது. அதைக் கண்டு வளர்ந்த எவருக்கும் அந்த வார்த்தை உறுத்தாமல் போகாது. உறுத்தலோடுதான் வீட்டுக்கு வந்து யோசித்தேன். இங்கே விலகி நிற்பது ஓவனிலிருந்தும் தட்டிலிருந்தும். விதி பார்க்காத தம் சொந்தத் தம்பி வீட்டிலும் அவர் அப்படித்தான் நடந்துகொள்கிறார். பயோனில் கண்ட இரு வகையில் இது முதலாவது. அவர் வைத்த விலக்கு முதலில் கட்டுவது அவரையே.

முழுப் பழமோ, யூத உணவு விதிக்கு உட்பட்டது என்று காட்டும் கோஷர் முத்திரையுள்ள பாக்கெட்டோ என்றால் வாங்கிக்கொள்ளலாம் என்றும் அவரே சொன்னார். அதனால் இப்போது நல்ல வால்நட் கிடைக்கும்போது, பிரிக்காத பாக்கெட்டாக அவருக்கும் ஒன்று வாங்குகிறேன். அடுத்த வெள்ளிக்கிழமை எண்ணெய் மாவில் செய்த ஈஸ்ட் ருகலாக் ஒரு தட்டு எங்கள் வீட்டுக்கு வரும். நான் கொடுத்த வால்நட் அதில் இருக்கும். என் ருகலாக்கை அவர் ஏற்றிருந்தால் ஒரு டப்பா கைமாறியதோடு முடிந்திருக்கும்.

முதல் தடவை செய்பவருக்கு

சாக்லேட்டைப் பற்றிக் கவலைப்பட வேண்டாம். அது எப்படியும் ருசிக்கும். கவனிக்க வேண்டியது நான்கு இடங்களை. மாவு திரண்டதும் பிசைவதை நிறுத்துங்கள். ஜாமும் பூரணமும் போதாது என்று தோன்றும்போதே நிறுத்துங்கள். முதல் மடிப்புக்குப் பிறகு இறுக்காதீர்கள். அடி பழுத்ததும் வெளியே எடுங்கள்.

நான்கு பங்கு மாவும் நாற்பத்தெட்டுச் சுருளாகும். எல்லாவற்றையும் அன்றே சுட வேண்டியதில்லை. சுருட்டியவற்றைத் தட்டில் உறையவைத்து, பிறகு டப்பாவில் அடைத்து ஃப்ரீஸரில் வைத்தால், வேண்டும்போது சில மட்டும் எடுத்து, இரண்டு மூன்று நிமிடம் கூடுதலாகச் சுட்டுக்கொள்ளலாம். சுட்டவை காற்றுப்புகாத டப்பாவில் மூன்று நாள் நன்றாக இருக்கும். அதற்குள் யாருக்காவது கொடுக்கத் தோன்றும். கொடுக்கும் முன் அவர்கள் எதைச் சாப்பிடுவார்கள், எதைத் தொட மாட்டார்கள் என்று கேளுங்கள். பதில் எதுவாக இருந்தாலும், அந்தப் பதிலுக்கு ஏற்ப அவர்களுக்கு என்ன செய்து தரலாம் என்று யோசிப்பதில்தான் பலகாரம் செய்வதன் மிச்சப் பாதி இருக்கிறது.